சுவருக்குள் மறையும் மின்கம்பிகளைப் பாதுகாப்பாகப் பதிப்பது எப்படி: வீடு கட்டுவோருக்கான முழுமையான வழிகாட்டி

சுவரில் காடி, அதாவது நீளமான பள்ளம் வெட்டி, பி.வி.சி. பைப்பைப் பதித்து, அதனுள் மின்கம்பியை இழுத்துவிடும் முறைதான் தமிழ்நாட்டில் இன்று கட்டப்படும் பெரும்பாலான வீடுகளில் பின்பற்றப்படுகிறது. மரச்சட்டத்தின் மீது கிளிப் அடித்துக் கம்பி ஓடிய பழைய வீடுகளில், ஆணி அடிக்க வருபவருக்குக் கம்பி கண்ணெதிரே தெரிந்தது. அவர் விலகி அடித்தார். பூச்சுக்குள் மறைந்த கம்பிக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. ஆகவே கம்பியின் தரம், சுவிட்சின் தரம் ஆகியவற்றுக்கு முன்பாகக் கேட்கப்பட வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. பல ஆண்டுகளுக்குப் பின் இந்த வீட்டுக்கு வந்து சுவரைத் துளைக்கப்போகும் ஒரு தச்சரோ பிளம்பரோ, சுவரின் முகத்தைப் பார்த்தே கம்பி எங்கே ஓடுகிறது என்று சொல்ல முடியுமா? கீழே கூறப்படும் ஒவ்வொரு படியும் இந்தக் கேள்விக்கு "முடியும்" என்ற விடை கிடைப்பதற்காகவே.

வேலையைச் செய்ய வேண்டியவர் அரசின் மின் உரிம வாரியத்திடம் சான்று பெற்ற மின்கம்பியாளரும், உரிமம் பெற்ற ஒப்பந்ததாரரும்தான். இதைப் படித்துவிட்டு வீட்டு உரிமையாளர் தாமே கம்பி இழுக்கக் கூடாது. ஆனால் எந்தக் கட்டத்தில் எதைப் பார்க்க வேண்டும், எதை மறுக்க வேண்டும் என்பது உரிமையாளருக்குத் தெரிந்திருக்க வேண்டும். பூச்சு வேலை முடிந்த பிறகு எந்தத் தவறும் வெளியே தெரியாது.

ஆணி பட்டால் என்ன நடக்கிறது

சுவரில் அடித்த ஆணி பைப்பைத் துளைத்து ஃபேஸ் கம்பியின் செம்பைத் தொட்டுவிட்டால், உடனே எம்சிபி (மின்சாரம் அளவுமீறினால் தானாக இணைப்பைத் துண்டிக்கும் சுவிட்ச்) விழுந்துவிடும் என்று பலர் நம்புகிறார்கள். அந்த ஆணி ஃபேஸையும் நியூட்ரலையும், அல்லது ஃபேஸையும் எர்த்தையும் சேர்த்துத் தொட்டால்தான் அப்படி நடக்கும். ஃபேஸ் கம்பியை மட்டும் தொட்டால், பி.வி.சி. பைப் மின்சாரத்தைக் கடத்தாது. காய்ந்த செங்கல்லும் பூச்சும் பெரிதாகக் கடத்துவதில்லை. மின்சாரம் ஓடுவதற்கு வழியில்லாததால் எம்சிபிக்கு எதுவும் தெரிவதில்லை. விளக்குகள் எரிந்துகொண்டிருக்கும், மின்விசிறி சுற்றிக்கொண்டிருக்கும், சுவரில் நீட்டிக்கொண்டிருக்கும் ஆணியோ 230 வோல்ட்டில் நிற்கும். அடுத்து அதைத் தொடுபவரின் உடல் வழியாகத்தான் மின்சாரம் தரைக்கு இறங்கும்.

எம்சிபி என்பது கம்பி சூடேறித் தீப்பிடிக்காமல் இருப்பதற்கான கருவி. மனிதரைக் காப்பது அதன் வேலை அன்று. மனிதரைக் காக்க 30 மில்லி ஆம்பியர் கசிவிலேயே இணைப்பைத் துண்டிக்கும் ஆர்சிசிபி வேண்டும். அதுவும்கூட, கசிவு ஏற்பட்ட பிறகே செயல்படுகிறது. ஆணி கம்பியைத் தொடாமலே இருப்பதற்கு நம் கையில் இருக்கும் ஒரே வழி, கம்பி ஓடும் பாதையை ஊகிக்கக்கூடியதாக அமைப்பதுதான்.

"பைப்பை ஆழமாகப் பதித்துவிட்டால் போதாதா?" என்ற கேள்வி இயல்பாகவே எழும். திரைச்சீலைக் கம்பிக்கும் தொலைக்காட்சிச் சட்டத்துக்கும் போடப்படும் துளை 2 முதல் 2.5 அங்குலம் வரை உள்ளே போகிறது. நாலரை அங்குலச் சுவரில் அந்த ஆழத்துக்குக் கீழே பைப்பைக் கொண்டுபோனால் அது மறுபக்க அறையின் பூச்சுக்கு அருகில் போய் நிற்கும். எனவே ஆழத்தை நம்ப முடியாது. இடத்தைத்தான் நம்ப வேண்டும்.

படி 1: வரைபடத்தில் ஆணிகளையும் குறியுங்கள்

மின்வரைபடம் போடும்போது விளக்கு எங்கே, பிளக் எங்கே, ஏசி எங்கே என்று மட்டுமே பெரும்பாலும் குறிக்கப்படுகிறது. சுவரில் எதிர்காலத்தில் எங்கெல்லாம் துளை விழும் என்பதையும் அதே படத்தில் குறித்துவிட வேண்டும். நம் வீடுகளில் துளை விழும் இடங்கள் ஏறத்தாழ நிரந்தரமானவை: சன்னலுக்கு மேலே திரைச்சீலைக் கம்பி, படுக்கையறையில் சுவரோடு சேர்த்துத் திருகப்படும் அலமாரி, சமையலறையில் மேல்வரிசைப் பெட்டிகள், ஏசியின் உள்பெட்டிக்கான தகடு, குளியலறைக் கண்ணாடி, தொலைக்காட்சிச் சட்டம், பூசையறை அலமாரி, சன்னலைச் சுற்றிக் கொசுவலைச் சட்டம். இவற்றுள் திரைச்சீலைக் கம்பிதான் மிகவும் ஆபத்தானது என்பது என் உறுதியான கருத்து. சன்னலின் ஒருபுறத்து சுவிட்ச் பெட்டியிலிருந்து மறுபுறத்துப் பெட்டிக்கு, தூரத்தை மிச்சப்படுத்துவதற்காக லிண்டலுக்கு (சன்னலின் மேலுள்ள கான்கிரீட் பட்டைக்கு) மேலே குறுக்காகப் பைப் ஓட்டும் பழக்கம் பரவலாக இருக்கிறது. குடிபுகும் வாரத்திலேயே அந்த இடத்தில் நான்கு துளைகள் போடப்படுகின்றன.

துளை விழும் இடங்களைக் குறித்த பிறகு, மிச்சமுள்ள பரப்பில் கம்பிக்கு மூன்று பாதைகளை மட்டும் அனுமதியுங்கள். முதலாவது, சுவிட்ச் பெட்டி அல்லது பிளக் பெட்டியிலிருந்து நேர் மேலே கூரை வரைக்கும், நேர் கீழே தரை வரைக்கும் செல்லும் செங்குத்துப் பட்டை. இரண்டாவது, கூரைக்குக் கீழே 150 மி.மீ., அதாவது அரை அடிக்குள் ஓடும் கிடைப் பட்டை. மூன்றாவது, இரண்டு சுவர்கள் சேரும் மூலையிலிருந்து 150 மி.மீ. அகலத்துக்குள் இறங்கும் பட்டை. பிரிட்டனின் மின்பதிப்பு விதிநூலான பி.எஸ். 7671, ஆழம் குறைவாகப் பதிக்கப்படும் கம்பிகளுக்கு வரையறுக்கும் பகுதிகளுள் இவை அடங்கும். அங்கே கம்பியைப் பைப் இல்லாமலே பூச்சுக்குள் புதைக்கும் வழக்கம் இருப்பதால் இந்த ஒழுங்கு உயிர்காக்கும் விதியாக வளர்ந்தது, பி.வி.சி. பைப்பும் துளைப்பானின் முனையைத் தடுத்து நிறுத்தப்போவதில்லை என்பதால் நமக்கும் அது அப்படியே பொருந்தும்.

சாய்வாகப் பைப் ஓட்டுவதை எந்தக் காரணத்துக்காகவும் ஏற்கக் கூடாது. மூன்றடி பைப் மிச்சமாகும் என்பதுதான் சாய்வுப் பாதைக்குச் சொல்லப்படும் காரணம். அந்த மூன்றடிக்காக, சுவரின் எந்தப் பகுதியும் பாதுகாப்பானது என்று பிறகு சொல்ல முடியாத நிலை உண்டாகிறது.

படி 2: தளம் போடும் முன்பு

மறைவு வயரிங் தொடங்கும் இடம் கூரைத் தளம். கான்கிரீட் போட்ட பிறகு தளத்தை வெட்டக் கூடாது. ஆகவே சென்ட்ரிங் பலகையின் மேல் இரும்புக் கம்பி கட்டி முடித்தவுடன் மின்பணியாளர் வந்துவிட வேண்டும். 25 மி.மீ. விட்டமுள்ள கனமான வகைப் பைப்பையே தளத்துக்குப் பயன்படுத்துங்கள். நடுத்தர வகை, ஆட்கள் மிதிப்பதிலும் வைப்ரேட்டரின் அதிர்விலும் நசுங்கிவிடும். பைப், கீழ்க்கம்பி வலையின் மேல் கிடக்க வேண்டும். பலகையின் மீது நேரடியாகக் கிடந்தால், பிறகு தளத்தின் அடிப்பரப்பில் அது ஓடும் கோட்டிலேயே விரிசல் விழும். மின்விசிறிப் பெட்டிகளையும் விளக்குப் பெட்டிகளையும் இரும்புக் கம்பியோடு கட்டி, வாயைத் தாள் அல்லது தெர்மாகோல் வைத்து அடைத்துவிட வேண்டும். பைப் இணைப்புகள் ஒவ்வொன்றுக்கும் சொல்யூஷன் தடவப்பட்டதா என்று தொட்டுப் பாருங்கள், ஏனெனில் ஒட்டாத ஒரு காலரின் (இரு பைப்புகளை இணைக்கும் துண்டின்) வழியே சிமெண்டுப் பால் புகுந்து இறுகிவிட்டால் அந்த வழி நிரந்தரமாக மூடிவிடும்.

பைப்புகள் தளத்திலிருந்து சுவருக்கு இறங்கும் இடத்தில்தான் தவறுகள் குவிகின்றன. பீமை ஊடுருவி இறங்க வேண்டிய பைப், கான்கிரீட் போடும் முன்பே, பொறியாளர் காட்டும் இடத்தில் வைக்கப்பட வேண்டும். ஆறேழு பைப்புகளைக் கட்டாகச் சேர்த்து ஒரே இடத்தில் இறக்கினால் பீமின் அந்த வெட்டுப்பரப்பில் கான்கிரீட் குறைந்துபோகும். தூணையும் பீமையும் பிற்பாடு கொத்தி, ரிங் கம்பியை அறுத்துப் பைப் பதிப்பதை எந்த நிலையிலும் அனுமதிக்கக் கூடாது.

தளத்துக்குள் பைப் குறுக்கு வழியில் ஓடுவது வழக்கம். அதனால் அதன் பாதையைக் கீழேயிருந்து ஊகிக்க முடியாது. ஊஞ்சல் கொக்கியும் தொட்டில் கொக்கியும் தேவைப்படுமானால் தளம் போடும்போதே வைத்துவிடுங்கள். பின்னாளில் பால்ஸ் சீலிங் போட வருபவர் தளத்தில் நூற்றுக்கணக்கில் துளை போடுவார். அவருக்குக் கொடுப்பதற்காக, கான்கிரீட் கொட்டுவதற்கு முன் ஒவ்வோர் அறையின் தளத்தையும் அளவுநாடா தெரியும்படி மேலிருந்து படமெடுத்து வைக்க வேண்டும்.

மாடியில் திறக்கும் பைப் வாய்கள், அதாவது சூரியத் தகடு, டிஷ், மோட்டார் ஆகியவற்றுக்கானவை, தளத்திலிருந்து ஓரடியாவது உயர்ந்து, வாய் கீழ்நோக்கி வளைந்திருக்க வேண்டும். வடகிழக்குப் பருவமழையின்போது மின்விசிறிப் பெட்டியிலிருந்து தண்ணீர் சொட்டுவதற்குப் பல வீடுகளில் காரணம் தளத்தின் கசிவு அன்று. மேல்நோக்கித் திறந்து கிடக்கும் பைப்தான்.

படி 3: காடி வெட்டுதல்

சுவர் கட்டித் தண்ணீர் ஊற்றும் நாட்கள் முடிந்து கலவை இறுகிய பிறகே காடி வெட்ட வேண்டும். சுண்ணாம்பு நூல் அடித்துச் செங்குத்துக் கோடுகளைக் குறித்து, கட்டிங் மெஷினால் இரண்டு இணைகோடுகள் போட்டு, நடுப்பகுதியை மட்டும் உளியால் எடுப்பதே சரியான முறை. சுத்தியலையும் உளியையும் மட்டும் கொண்டு இடித்தால் காடி அகலமாவதோடு, சுற்றியுள்ள செங்கற்களின் பிடிப்பும் தளர்ந்துவிடும். வெட்டுபவர் மூக்குக்கு முகமூடியும் கண்ணுக்குக் கண்ணாடியும் அணிந்திருக்க வேண்டும். செங்கல்லும் சிமெண்டும் அரைபடும் தூசி நுரையீரலுக்குக் கேடு செய்வது.

எவ்வளவு வெட்டலாம் என்பதற்கு இந்தியத் தர நிர்ணயமான ஐ.எஸ். 1905 தெளிவான எல்லைகளைத் தருகிறது. கூரையின் எடையைத் தாங்கும் சுவரில், செங்குத்துக் காடியின் ஆழம் சுவர்க் கனத்தில் மூன்றில் ஒரு பங்கையும், கிடைக் காடியின் ஆழம் ஆறில் ஒரு பங்கையும் தாண்டக் கூடாது. 230 மி.மீ. கனமுள்ள ஒன்பது அங்குலச் சுவரில் இது முறையே ஏறத்தாழ 76 மி.மீ., 38 மி.மீ. ஆகும். கிடைக் காடி தவிர்க்கப்பட வேண்டியது; தவிர்க்க இயலாவிட்டாலும் ஒரு மீட்டர் நீளத்தைத் தாண்டக் கூடாது. கதவு, சன்னல் திறப்பின் விளிம்பிலிருந்து 345 மி.மீ. தூரத்துக்குள் செங்குத்துக் காடி வரக் கூடாது. எடை தாங்கும் அரைச்செங்கல் சுவரிலோ, அதாவது நாலரை அங்குலச் சுவரிலோ, காடி வெட்டவே கூடாது.

தூணும் பீமும் எடையைத் தாங்கும் வீடுகளில் சுவர் வெறும் தடுப்புத்தான். நாலரை அங்குலச் சுவரிலும் பைப் பதிக்கிறார்கள். அங்கும் மூன்றில் ஒரு பங்கு என்ற அளவை மீறாதீர்கள். அந்தச் சுவரில் அது 38 மி.மீ.; ஒரு 25 மி.மீ. பைப்புக்கும் அதன் மேல் சிறிது கலவைக்கும் மட்டுமே இடம் இருக்கும். அதே சுவரின் இரு பக்கங்களிலும் ஒரே இடத்தில், முதுகோடு முதுகு சேர்ந்தாற்போல் சுவிட்ச் பெட்டி வைப்பது நடைமுறையில் அடிக்கடி காணப்படும் பிழை. இரண்டு அங்குல ஆழமுள்ள இரண்டு பெட்டிகள் சேர்ந்தால் நடுவே செங்கல் என்று சொல்ல எதுவும் மிஞ்சாது. ஒன்றை ஓரடியாவது தள்ளி வையுங்கள்.

செங்குத்துக் கோட்டை மின்பாதுகாப்பும் கேட்கிறது, சுவரின் வலிமையும் கேட்கிறது என்பதை இங்கே கவனிக்க வேண்டும். அறையின் ஒரு பிளக்கிலிருந்து அடுத்த பிளக்குக்குச் சுவரில் இடுப்பளவில் கிடையாகப் பைப் ஓட்டுவதைவிட, மேலே ஏறித் தளத்தின் வழியாகச் சென்று மீண்டும் இறங்குவது இரண்டு வகையிலும் சரியானது. கம்பி கூடுதலாகும் என்பது உண்மை. வீட்டின் மொத்தச் செலவில் அது பெரிய தொகையன்று.

படி 4: பைப்பும் பெட்டியும்

காடிக்குள் பதிக்க ஐ.எஸ். 9537 முத்திரையுள்ள விறைப்பான பைப்பையே பயன்படுத்த வேண்டும். வளைந்து கொடுக்கும் நெளிவுக் குழாயைச் சுவருக்குள் புதைக்கக் கூடாது. அது நசுங்கும், உள்ளிருக்கும் நெளிவுகள் கம்பியின் உறையைச் சுரண்டும். இரண்டு பெட்டிகளுக்கு இடையே செங்கோண வளைவுகள் இரண்டுக்கு மேல் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள். குறுகிய எல்போவுக்குப் பதிலாக நீண்ட பெண்டைப் போட்டால், பின்னாளில் பழுதான கம்பியை உருவிப் புதியது இழுக்க முடியும். மறைவு வயரிங்கின் பெரிய நன்மையே சுவரை உடைக்காமல் கம்பியை மாற்ற முடிவதுதான். வளைவைக் கெடுத்துவிட்டால் அந்த நன்மை போய்விடும்.

பைப்பை இரண்டடிக்கு ஒரு பிடிப்பு வைத்து நிறுத்தி, அதன் மேல் அரை அங்குலத்துக்குக் குறையாமல் சிமெண்டுக் கலவை வருமாறு மூட வேண்டும். அதன் மேல் இருபுறமும் மூன்று அங்குலம் படியும்படி கோழிவலை அல்லது நார்வலை அடித்த பிறகே பூச வேண்டும். இலகு எடைக் காங்கிரீட் கற்களால் கட்டிய சுவரில் இதைத் தவிர்த்தால் காடியின் கோட்டில் விரிசல் விழுவது ஏறத்தாழ உறுதி.

சுவிட்ச் பெட்டிகள் தரையிலிருந்து 4 முதல் 4.5 அடி உயரத்தில், வீடு முழுவதும் ஒரே மட்டத்தில் இருக்கட்டும். கதவு திறக்கும் பக்கத்தில், நிலையிலிருந்து நன்றாகத் தள்ளி வைக்க வேண்டும், ஏனெனில் நிலைச்சட்டத்தைச் சுவரோடு பிணைக்கும் ஹோல்டுபாஸ்ட் இரும்புகள் ஏறத்தாழ ஒன்பது அங்குலம் வரை சுவருக்குள் நீண்டிருக்கும். இரும்புப் பெட்டியின் துளையில் பைப் நுழையும் இடத்தில் புஷ் எனும் காப்பு வளையம் இல்லாவிட்டால் தகட்டின் விளிம்பே கம்பியை அறுத்துவிடும். எந்த இணைப்புப் பெட்டியையும் பூச்சுக்குள் புதைக்காதீர்கள். திறந்து பார்க்க முடியாத இணைப்பு இருக்கவே கூடாது.

படி 5: தண்ணீரும் அனலும் உள்ள சுவர்கள்

குளியலறைச் சுவரை வேறு அறைகளுக்குச் செல்லும் கம்பிகளுக்கு வழியாக்கக் கூடாது; குளியலறைக்கு வேண்டிய கம்பி மட்டுமே அங்கே இறங்க வேண்டும். கீசருக்கான பிளக், ஷவருக்கு நேரே இல்லாத சுவரில், கீசரின் உயரத்திலேயே அமைந்து, மேலிருந்து நேராக இறங்கும் பைப்பால் இணைக்கப்பட வேண்டும். அதன் சுவிட்ச் குளியலறைக்கு வெளியே இருப்பது நல்லது. குளியலறையின் மறுபக்கம் படுக்கையறையாக இருந்தால், தண்ணீர்க் குழாய் ஏறும் இடத்துக்குப் பின்புறம் சுவிட்ச் பெட்டி வராமல் பார்த்துக்கொள்ளுங்கள். குழாய் இணைப்பில் மெல்லிய கசிவு ஏற்பட்டால் ஈரம் முதலில் சேர்வது அந்தப் பெட்டியில்தான்.

தண்ணீர்க் குழாயும் மின்பைப்பும் ஒரே காடியில் ஓடக் கூடாது. இரண்டும் ஒரே சுவரில் கிடையாக வரும்படி நேர்ந்தால் மின்பைப் மேலேயும் தண்ணீர்க் குழாய் கீழேயும் இருக்க வேண்டும். பிளம்பரும் மின்பணியாளரும் வெவ்வேறு நாட்களில் வருவதால் இந்த ஒழுங்கு பெரும்பாலும் கெடுகிறது. இருவரையும் ஒரே நாளில் வரவழைத்து, இருவர் பாதைகளையும் வெவ்வேறு நிறச் சாக்கட்டியால் சுவரில் குறிக்கச் சொல்லுங்கள்.

சமையலறையில் அடுப்புக்கு நேர் மேலும் பின்னும் பைப் வேண்டாம். பாத்திரம் கழுவும் தொட்டிக்குப் பின்புறமும் வேண்டாம். மேல்வரிசைப் பெட்டிகள் திருகப்படும் உயரத்தை மரவேலைக்காரரிடம் கேட்டறிந்து, மேடைக்கு மேலுள்ள பிளக்குகளுக்குச் செல்லும் செங்குத்துப் பாதைகள் அந்தத் திருகுகளுக்கு இடையே வருமாறு அமைக்க வேண்டும். மழைச்சாரல் நேரடியாக அடிக்கும் வெளிச்சுவரைவிட உட்சுவரே எப்போதும் பைப்புக்கு ஏற்றது.

படி 6: பூசுவதற்கு முன் படம்

பைப் பதித்து முடிந்து, பூச்சு தொடங்கும் முன், ஒவ்வொரு சுவரையும் நேருக்கு நேர் நின்று படமெடுங்கள். தரையிலிருந்து ஓர் அளவுநாடாவையும், மூலையிலிருந்து இன்னொன்றையும் சுவரில் பிடித்திருக்க வேண்டும்; அளவு தெரியாத படத்தால் பயன் இல்லை. அறையின் பெயரையும் திசையையும் ஒரு தாளில் எழுதி அதே படத்தில் வருமாறு வையுங்கள். பிறகு அவற்றை அச்சிட்டு, வீட்டுப் பத்திரத்தோடு ஒரு பிரதியும் டிபி பெட்டியின் (எம்சிபிகள் மாட்டப்படும் மின்பகிர்வுப் பெட்டியின்) கதவுக்குப் பின்னால் ஒரு பிரதியும் வைக்க வேண்டும். கைப்பேசி மாறும், தொலையும். வீட்டை வாங்குபவருக்கும் வாடகைக்கு வருபவருக்கும் அந்தக் கைப்பேசி கிடைக்காது.

படி 7: கம்பி இழுத்தல்

பூச்சு நன்றாகக் காய்ந்த பிறகு கம்பி இழுக்க வேண்டும். விளக்குகளுக்கு 1.5 ச.மி.மீ. (சதுர மில்லிமீட்டர்), 16 ஆம்பியர் பிளக்குக்கு 2.5 ச.மி.மீ., ஏசிக்கும் கீசருக்கும் 4 ச.மி.மீ. என்பது நல்ல அளவு. ஃபேஸுக்குச் சிவப்பு, நியூட்ரலுக்குக் கறுப்பு, எர்த்துக்குப் பச்சை என்ற நிற ஒழுங்கு வீடு முழுவதும் மாறக் கூடாது. கையிலிருக்கும் மிச்சக் கம்பியைக் கொண்டு சமாளிக்க விடாதீர்கள். ஒரு சர்க்யூட்டின், அதாவது ஓர் எம்சிபியிலிருந்து கிளம்பும் மின்சுற்றின், ஃபேஸும் நியூட்ரலும் எர்த்தும் ஒரே பைப்பில் சேர்ந்து செல்ல வேண்டும். பைப்புக்குள் எங்கும் இணைப்பு இருக்கக் கூடாது.

ஒரு பைப்புக்குள் எத்தனை கம்பி என்பதற்கு மத்தியப் பொதுப்பணித் துறையின் விவரக்குறிப்பு எல்லை வகுத்திருக்கிறது. வளைவுள்ள 20 மி.மீ. பைப்பில் 1.5 ச.மி.மீ. கம்பி 4, 2.5 ச.மி.மீ. கம்பி 3, 4 ச.மி.மீ. கம்பி 2 மட்டுமே. 25 மி.மீ. பைப்பில் அவை முறையே 8, 6, 5 ஆகும். முக்கால் அங்குலப் பைப்பில் பத்துக் கம்பிகளைத் திணிப்பது எவ்வளவு தவறு என்பதை இதிலிருந்து காணலாம்.

இந்த எல்லை இழுப்பதற்கான வசதிக்காக மட்டும் வகுக்கப்பட்டதன்று. சுவருக்குள் வெப்பம் வெளியேற வழியில்லை என்பது அதைவிட முக்கியமான காரணம். பைப்புக்குள் செல்லும் 2.5 ச.மி.மீ. செம்புக் கம்பி, 30 டிகிரி செல்சியஸ் சூழலில் 24 ஆம்பியர் வரை தாங்கும் என்று பன்னாட்டு மின்தொழில்நுட்ப ஆணையத்தின் அட்டவணை கூறுகிறது. நம் கோடையில் சுவரின் வெப்பம் 40 டிகிரியைத் தொடும்போது அதை 0.87 ஆல் பெருக்க வேண்டும், 20.9 ஆம்பியர் ஆகிறது. அதே பைப்பில் இரண்டு சர்க்யூட்டுகள் சென்றால் மேலும் 0.8 ஆல் பெருக்க வேண்டும்; 16.7 ஆம்பியர். மூன்று சர்க்யூட்டுகள் என்றால் 0.7, 14.6 ஆம்பியர்தான் மிஞ்சும். ஆனால் டிபியில் மாட்டியிருப்பது 16 ஆம்பியர் எம்சிபி. கம்பி தன் எல்லையைத் தாண்டிச் சூடாகிக்கொண்டிருக்கும்போதும் எம்சிபி அமைதியாகவே இருக்கும்; உறை மெல்ல மெல்ல இறுகி வெடிப்பது யாருக்கும் தெரியாது. ஆகவே பவர் சர்க்யூட்டுகள் ஒரு பைப்பில் இரண்டுக்கு மேல் வேண்டாம், ஏசிக்கும் கீசருக்கும் தனித்தனிப் பைப் வேண்டும்.

இன்வெர்ட்டர் கம்பியைத் தனிப் பைப்பில் கொண்டுசென்று, அதன் நியூட்ரலை மற்றவற்றோடு கலக்காமல் வைக்க வேண்டும். கலந்தால் ஆர்சிசிபி காரணமின்றி விழுந்துகொண்டே இருக்கும், பிறகு யாராவது வந்து ஆர்சிசிபியையே கழற்றிவிடுவார்கள். இணையக் கம்பிக்கும் தொலைக்காட்சிக் கம்பிக்கும் தனிப் பைப், மின்பைப்பிலிருந்து ஓரடி தள்ளி.

படி 8: எர்த், ஆர்சிசிபி, சோதனை

எர்த் கம்பி பிளக்குகளுக்கு மட்டும் என்று எண்ணி, விளக்குக்கும் மின்விசிறிக்கும் விட்டுவிடுவது பரவலான பிழை. ஒவ்வோர் இரும்புப் பெட்டிக்கும், ஒவ்வொரு மின்விசிறிக்கும் எர்த் சென்றாக வேண்டும். டிபியில் 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி இருக்க வேண்டும். முடிந்தால் வீட்டை இரண்டு மூன்று பகுதிகளாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் ஒன்று வைத்தால், ஓர் இடத்துக் கசிவால் முழு வீடும் இருளாகாது. இன்வெர்ட்டர் பகுதிக்கும் அந்தப் பாதுகாப்பு கிடைக்கிறதா என்று தனியாகக் கேளுங்கள், ஏனெனில் பல வீடுகளில் அது விடுபட்டுவிடுகிறது.

சுவிட்சுகளும் பிளக்குகளும் மாட்டிய பிறகு, மின்இணைப்புக் கொடுக்கும் முன் 500 வோல்ட் மெகர் என்ற கருவியை வைத்துக் கம்பிகளின் காப்பை, அதாவது உறை மின்சாரத்தைத் தடுக்கும் திறனை அளக்க வேண்டும். பல்புகளையும் மின்னணுக் கருவிகளையும் கழற்றி, சுவிட்சுகளைப் போட்ட நிலையில் வைத்து, ஃபேஸுக்கும் நியூட்ரலுக்கும் இடையிலும், இரண்டுக்கும் எர்த்துக்கும் இடையிலும் அளந்தால் ஒரு மெகா ஓமுக்குக் குறையவே கூடாது. புதிய வீட்டில் இதைவிடப் பன்மடங்கு அதிகமாகக் காட்டும். ஒரு சர்க்யூட் மட்டும் மற்றவற்றைவிட வெகுவாகக் குறைவாகக் காட்டினால், இழுக்கும்போது கம்பி உரசியிருக்கிறது அல்லது பைப்பில் ஈரம் இருக்கிறது என்று பொருள். மரவேலைக்காரர் எல்லாத் திருகுகளையும் அடித்து முடித்த பிறகு இதே சோதனையை இன்னொரு முறை செய்யச் சொல்லுங்கள். பெரும்பாலோர் செய்வதில்லை, எனக்கு இது முதல் சோதனையைவிட முக்கியமாகப் படுகிறது. அளவுகளை எழுதி வாங்கிப் படங்களோடு சேர்த்து வையுங்கள். ஆர்சிசிபியின் சோதனைப் பொத்தானை மாதம் ஒருமுறை அழுத்திப் பார்க்க வேண்டும்.

ஏற்கெனவே குடியிருக்கும் வீட்டில்

படமோ வரைபடமோ இல்லாத வீட்டில் துளை போட வேண்டுமானால், ஒவ்வொரு சுவிட்ச் பெட்டிக்கும் பிளக்குக்கும் நேர் மேலும் கீழும், பெட்டியின் அகலத்தோடு இருபுறமும் அரை அடி சேர்த்து விலக்கிவிடுங்கள். கூரையை ஒட்டிய அரை அடியும், சன்னல்களுக்கு மேலுள்ள பகுதியும் ஐயத்துக்குரியவை. சுவருக்குள் கம்பியைக் காட்டும் கருவி கடைகளில் கிடைக்கிறது. மின்சாரம் ஓடாத கம்பியை அவற்றுள் சில காட்டாது என்பதால், அந்த அறையின் சுவிட்சுகளைப் போட்டு வைத்துத் தேடிய பிறகு, மெயினை அணைத்துவிட்டுத் துளையிட வேண்டும். மெயினை அணைத்தாலும் இன்வெர்ட்டர் கம்பியில் மின்சாரம் இருக்கும். இன்வெர்ட்டரையும் அதன் வெளியேறும் இணைப்பையும் சேர்த்து அணைத்து, டெஸ்டர் கொண்டு பார்த்த பிறகே கை வைக்க வேண்டும்.

துளை போடும்போது பைப்பில் பட்டதாகத் தோன்றினாலோ, ஆணி அடித்த பின் விளக்கு மங்கினாலோ, ஆர்சிசிபி விழுந்தாலோ, அந்த ஆணியைப் பிடுங்க முயலாதீர்கள். ஈரச் சுவரையும் தொடாதீர்கள். மெயினையும் இன்வெர்ட்டரையும் அணைத்துவிட்டு மின்பணியாளரை அழையுங்கள். அடிபட்ட இடத்தில் டேப் சுற்றிப் பூசிவிடுவதை ஏற்க வேண்டாம். அந்தக் கம்பியை ஒரு பெட்டியிலிருந்து அடுத்த பெட்டி வரை முழுமையாக உருவி மாற்றி, பைப்பின் துளையை அடைத்து, மெகரில் மீண்டும் அளந்த பிறகே இணைப்புக் கொடுக்க வேண்டும்; பாதை தெரிந்துவிட்ட அந்தச் சுவரை அன்றே அளந்து ஒரு தாளில் வரைந்து டிபி கதவுக்குப் பின்னால் ஒட்டிவிடுங்கள்.